எண்ணும் மேசையை விட்டு எழுந்து போகாதீர்கள்

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரத்துச் சாட்ஸ்வர்த் வட்டாரத்தில் குடிமக்கள் சார்பில் தேர்தல் பார்வையாளர்களை அனுப்பும் கூட்டமைப்பின் செயற்குழுவினருக்கு,

வரவிருக்கும் நகராட்சித் தேர்தலில் உங்கள் பார்வையாளர்கள் வாக்குச்சாவடி திறக்கும் காலை ஏழு மணி முதல் அது மூடப்படும் இரவு ஒன்பது மணி வரை மட்டுமே பணியில் இருப்பார்கள், வாக்கு எண்ணிக்கைக்கு எவரும் நிறுத்தப்பட மாட்டார்கள், இதற்கு முன் ஏதேனும் ஒரு கட்சிக்கு முகவராக உட்கார்ந்தவர்களின் விண்ணப்பம் ஏற்கப்படாது என்ற மூன்று முடிவுகளைச் சென்ற கூட்டத்தில் நிறைவேற்றி, அவற்றைத் தொண்டர்களுக்குச் சுற்றறிக்கையாக அனுப்பியிருக்கிறீர்கள். மூன்றாவது முடிவின்படி என் விண்ணப்பமும் திரும்பி வந்திருக்கிறது. அது மட்டுமே நடந்திருந்தால் நான் பேசாமல் இருந்திருப்பேன். முதல் இரண்டு முடிவுகளும் இந்த வட்டாரத்தின் தேர்தலில் மிக முக்கியமான சில மணி நேரத்தைச் சாட்சியில்லாமல் விட்டுவிடும் என்பதால் என்னால் பேசாமல் இருக்க முடியவில்லை.

இதே பொருள் பற்றி ஆங்கிலத்தில் உங்களுக்கு இரண்டு மடல்கள் அனுப்பினேன். முதல் மடலுக்குப் பெற்றுக்கொண்டோம் என்ற ஒரு வரி வந்தது. இரண்டாவதற்கு அதுவும் வரவில்லை. உங்கள் கூட்டங்கள் கோயில் மண்டபத்தில் தேவாரம் பாடித் தொடங்குகின்றன; உங்கள் இளம் தொண்டர்களில் பலர் மாலைத் தமிழ் வகுப்பில் படித்தவர்கள். அவர்களும், அவர்களை இரவில் வெளியே அனுப்பலாமா வேண்டாமா என்று முடிவு செய்யும் வீட்டுப் பெரியவர்களும் படிக்க வேண்டும் என்பதற்காக இந்த மூன்றாவது மடலைத் தமிழில், எல்லோரும் பார்க்கும்படி எழுதுகிறேன்.

என்னைப் பற்றிச் சிலவற்றைச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் உங்கள் மூன்றாவது முடிவு என்னைப் போன்றவர்களின் கடந்த காலத்தையே குற்றமாக்குகிறது. இருபத்திரண்டு ஆண்டுகள் டர்பனில் ஆடைத் தொழிற்சாலைகளில் தையல் இயந்திரத்தில் வேலை செய்தேன். 1984 ஆகஸ்ட் 28 அன்று இந்தியர்களுக்கென்று தனியாக உருவாக்கப்பட்ட பிரதிநிதிகள் அவைக்குத் தேர்தல் நடந்தபோது, வாக்களிக்கப் போகாதீர்கள் என்று, யூனிட் என்று நாம் அழைக்கும் குடியிருப்புப் பகுதிகளில் ஒவ்வொன்றாகப் போய்த் துண்டறிக்கை கொடுத்தவர்களில் நானும் ஒருத்தி. பதிவு செய்திருந்தவர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவர்தான் அன்று வாக்களித்தார்கள். வாக்களிக்காமல் இருப்பதை அரசியல் கடமையாகச் செய்த அதே கைகள், பத்து ஆண்டுகள் கழித்து 1994 ஏப்ரலில் கட்சி முகவரின் அட்டையைச் சட்டையில் குத்திக்கொண்டு வாக்குச்சாவடியில் உட்கார்ந்தன. அன்று முதல் 2024 வரை நான் முகவராக உட்காராத பொதுத் தேர்தலோ நகராட்சித் தேர்தலோ கிடையாது.

1994-இல் வாக்காளர் பட்டியல் என்று ஒன்று இருக்கவில்லை. அடையாள ஆவணத்தைக் காட்டி, கண்ணுக்குத் தெரியாத மையைக் கையில் தடவிக்கொண்டு மக்கள் வாக்களித்தார்கள். இன்னொரு முறை வருபவரை விளக்கொளியில் கையைக் காட்டச் சொல்லிக் கண்டுபிடித்தோம். கடைசி வாரத்தில் சேர்ந்த கட்சியின் பெயரை வாக்குச்சீட்டின் அடியில் ஒட்டுத்தாளாக ஒட்டிக் கொடுத்தார்கள். எழுபத்தேழு வயதில் என் ஆயா முதன்முறையாக வாக்களித்துவிட்டு வெளியே வந்து என்னிடம் கேட்டது ஒரே கேள்விதான்: "இதை எண்ணும்போது பக்கத்தில் யார் இருப்பார்கள்?"

அந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்பது எனக்குத் தெரியும். ஆயாவின் தகப்பனார் ஒப்பந்தக் கூலியாகக் கரும்புத் தோட்டத்தில் வேலை செய்தவர். ஒரு நாள் வேலைக்கு வராவிட்டால் இரண்டு நாள் கூலியைப் பிடித்துக்கொள்ளும் வழக்கம் அன்று நட்டால் என்று அழைக்கப்பட்ட நம் மாகாணத்தின் தோட்டங்களில் இருந்தது. யார் வந்தார், யார் வரவில்லை என்ற கணக்கை எழுதியவர் சர்தார் என்ற மேற்பார்வையாளர். எழுதும்போது பக்கத்தில் நின்று பார்க்கும் உரிமை கூலிக்காரருக்கு இல்லை. மாதக் கடைசியில் குறைந்த கூலியைக் கையில் வாங்கிக்கொண்டு நிற்பவர் "நான் வந்தேன்" என்று சொன்னால் அதற்குச் சாட்சி கிடையாது. எங்கள் வீட்டில் இந்தக் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லித்தான் வளர்த்தார்கள். கணக்கை எழுதுகிறவர் யோக்கியமானவராகவே இருக்கட்டும், எழுதும்போது பக்கத்தில் இன்னொருவர் இருக்க வேண்டும் என்பதை நான் எந்தப் பயிற்சிக் கையேட்டிலும் கற்கவில்லை.

இனி 2024 மே 29 அன்று இரவு நடந்ததைச் சொல்கிறேன். அன்று எங்கள் வட்டாரத்தில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் இருந்த வாக்குச்சாவடியில் நான் முகவராக இருந்தேன். பள்ளியின் பெயரையோ அலுவலர்களின் பெயரையோ நான் இங்கே எழுதவில்லை; உங்களுக்கு அனுப்பிய இரண்டு மடல்களிலும் எழுதியிருக்கிறேன். நாட்டின் பல இடங்களில் நடந்ததுபோல அங்கும் வரிசை காலையிலிருந்து குறையவே இல்லை. வாக்காளரின் அடையாள ஆவணத்தைச் சரிபார்க்கும் பழைய ஜிப்-ஜிப் கருவியின் இடத்தில் வந்திருந்த புதிய கருவி அடிக்கடி நின்றுபோனது. பெயரைத் தாள் பட்டியலில் தேட வேண்டியிருந்தது. தேசியம், பிராந்தியம், மாகாணம் என்று முதன்முறையாக ஒவ்வொருவருக்கும் மூன்று வாக்குச்சீட்டுகள் கொடுக்க வேண்டியிருந்தது. ஒன்பது மணிக்கு வரிசையில் நிற்பவர் எவரும் வாக்களிக்காமல் திருப்பி அனுப்பப்படக் கூடாது என்பது விதி. அதை அலுவலர்கள் மதித்தார்கள். மடக்கு நாற்காலியில் போர்வையைச் சுற்றிக்கொண்டு உட்கார்ந்திருந்த ஒரு மூதாட்டி நள்ளிரவுக்குப் பத்து நிமிடம் இருக்கையில் வாக்களித்தார். பக்கத்து வீட்டார் சட்டி நிறையத் தேநீரும் வடையும் கொண்டுவந்து வரிசையில் நின்றவர்களுக்கும் காவலர்களுக்கும் ஒன்றுபோலக் கொடுத்தார்கள்.

உங்கள் பார்வையாளர்கள் இருவரும் மாலை ஏழு மணிக்குக் கையெழுத்திட்டுவிட்டுப் போய்விட்டார்கள். அவர்கள்மேல் எனக்குக் குறையில்லை. அவர்கள் காலை ஆறரை மணிக்கே வந்தவர்கள். மாற்று ஆள் வருவார் என்று சொல்லியிருந்தார்கள். மாற்று ஆள் வரவில்லை.

எண்ணிக்கை தொடங்கியபோது அதிகாலை ஒரு மணி ஆகியிருந்தது. பகல் முழுவதும் வாக்குப்பதிவு நடத்திய அதே அலுவலர்கள்தாம் மேசைகளை ஒன்றாக இழுத்துப் போட்டு எண்ணத் தொடங்கினார்கள். பெட்டியின் சீல் எண்களை எங்களுக்குப் படித்துக் காட்டினார்கள், திறந்தார்கள், சீட்டுகளைக் கொட்டினார்கள், மடிப்பைப் பிரித்தார்கள், பின்பக்கத்தைப் பார்க்கும்படி கவிழ்த்து அடுக்கினார்கள். வாக்குச்சீட்டைக் கொடுக்கும் அலுவலர் அதன் பின்புறத்தில் அதிகாரப்பூர்வ முத்திரையைக் குத்தியிருக்க வேண்டும். முத்திரை இல்லாத சீட்டை எண்ணிக்கை அலுவலர் நிராகரிக்கத்தான் வேண்டும் என்பது தேர்தல் சட்டம். மாகாண வாக்குச்சீட்டுகளைப் புரட்டிப் பார்த்தபோது நாற்பத்து மூன்று சீட்டுகளில் முத்திரை இல்லை.

அந்த நாற்பத்து மூன்று சீட்டுகளும் பெரும்பாலும் குவியலின் மேற்பகுதியில், அதாவது இரவு வெகுநேரம் கழித்துப் பெட்டிக்குள் போனவற்றில் இருந்தன. எப்படி நேர்ந்தது என்பதை ஊகிக்கப் பெரிய அறிவு தேவையில்லை. பதினாறு மணி நேரம் உட்கார்ந்திருந்த ஓர் அலுவலர், ஒருவருக்கு மூன்று சீட்டுகளைக் கிழித்துக் கொடுக்கும் அவசரத்தில், இரண்டில் குத்திவிட்டு மூன்றாவதில் குத்த மறந்திருக்கிறார். வாக்காளர் சீட்டைப் பெட்டியில் போடும் முன் அதன் பின்புறத்து முத்திரையை அலுவலரிடம் காட்ட வேண்டும் என்றும் விதி இருக்கிறது. பெட்டியருகே நின்றவரும் களைத்துப்போயிருக்கிறார். ஆறு மணி நேரம், எட்டு மணி நேரம் குளிரில் நின்று வாக்களித்த நாற்பத்து மூன்று பேரின் வாக்கு, அவர்கள் செய்யாத ஒரு தவறுக்காகச் செல்லாததாகிவிட்டது. அவர்களில் எவருக்கும் இன்றுவரை அது தெரியாது. அந்த மூதாட்டியின் சீட்டும் அதில் இருந்ததா என்று நான் பல இரவுகள் நினைத்திருக்கிறேன்.

எண்ணிக்கை அலுவலர் நேர்மையாகவே நடந்தார் என்பதை இங்கே பதிவு செய்கிறேன். சட்டம் சொன்னபடி அவற்றை நிராகரித்தார். ஒவ்வொன்றையும் அங்கிருந்த மூன்று முகவர்களுக்கும் காட்டினார். நான் ஆட்சேபணையைப் பதிவு செய்ய வேண்டும் என்றபோது படிவம் தீர்ந்துவிட்டிருந்தது; பள்ளிப் பிள்ளையின் கோடு போட்ட நோட்டுப் புத்தகத்திலிருந்து கிழித்த தாளில் நான் எழுதிக் கொடுத்ததை வாங்கி, நேரத்தைக் குறித்து, கையெழுத்திட்டார். நாற்பத்து மூன்று சீட்டுகளில் ஐந்து கட்சிகளுக்கு விழுந்த வாக்குகள் இருந்தன. என் கட்சிக்கு விழுந்தவை பதினொன்று. ஐந்தரை மணிக்கு முடிவுத் தாளில் எல்லோரும் கையெழுத்திட்டோம். அதன் ஒரு படியைக் கதவில் ஒட்டினார்கள். நான் அதைப் படம் எடுத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.

அதற்குப் பிறகு இரண்டு நாளில் நடந்தவைதான் இந்த மடலின் காரணம். வியாழக்கிழமை பகலில் எங்கள் கிளை நிர்வாகிகள் நான் எடுத்த படத்தைக் கேட்டு வாங்கினார்கள். மாலைக்குள் அது "எங்கள் நாற்பத்து மூன்று வாக்குகளைத் திருடிவிட்டார்கள்" என்ற செய்தியாக எல்லோர் கைப்பேசியிலும் சுற்றியது. வெள்ளிக்கிழமை காலை தேர்தல் முடிவுகளைக் காட்டும் பலகை இரண்டு மணி நேரம் போல வெறுமையாகிப்போனது நாடே அறிந்தது. தரவு மையங்களில் உள்ள கணக்குகளுக்கு எதுவும் ஆகவில்லை என்று தேர்தல் ஆணையம் விளக்கியது. ஆனால் அந்த இரண்டு மணி நேரத்தில் எங்கள் தெருவில் நாற்பத்து மூன்று நானூறாகிவிட்டது. முத்திரையை வேண்டுமென்றே குத்தாமல் விட்டார்கள் என்று ஆட்சேபணை மனுவை எழுதி, அதில் நான் சாட்சியாகக் கையெழுத்திட வேண்டும் என்று கேட்டார்கள். நான் பார்த்தது அதுவல்ல என்று சொல்லி மறுத்தேன். நான் பார்த்ததை மட்டும் எழுதினால் கையெழுத்திடுகிறேன் என்றேன். அப்படி எழுதினால் முடிவைப் பாதிக்கும் அளவுக்குப் பெரிதாக இருக்காது என்றார்கள். சட்டம் விதித்திருந்த காலக்கெடு அன்று இரவு ஒன்பது மணி. அது வாய்ச்சண்டையிலேயே கடந்துபோனது. அடுத்த கிளைக் கூட்டத்தில் முகவர் பட்டியலிலிருந்து என் பெயரை எடுத்துவிட்டார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் நான் கட்சியிலிருந்து விலகினேன்.

கட்சி அப்படி நடந்துகொண்டது எனக்கு வலித்தது. ஆனால் உங்கள் அறிக்கை வந்தபோது அதைவிட அதிகமாக வலித்தது. நம் வட்டாரத்தின் எல்லா வாக்குச்சாவடிகளிலும் வாக்குப்பதிவும் எண்ணிக்கையும் குறையின்றி நடந்ததாக உங்கள் பார்வையாளர்கள் உறுதிசெய்தார்கள் என்று எழுதியிருந்தீர்கள். மதிப்புக்குரியவர்களே, நான் இருந்த சாவடியில் எண்ணிக்கையின்போது உங்கள் பார்வையாளர் ஒருவரும் இல்லை. பார்க்காததைப் பார்த்ததாக நீங்கள் எழுதினீர்கள். என் கட்சி இல்லாத திருட்டைச் சேர்த்தது. நீங்கள் நடந்த தவறை நீக்கினீர்கள். இந்த இரண்டுக்கும் நடுவில், நாற்பத்து மூன்று பேரின் செல்லாமற்போன வாக்கைப் பற்றிய உண்மை, நோட்டுத் தாளில் எழுதப்பட்டு என் அலமாரியில் கிடக்கிறது. அதைக் கொண்டுவந்து உங்கள் செயலகத்தில் காட்டியபோது, நீங்கள் கட்சிக்காரர், உங்கள் சாட்சியத்தை நாங்கள் எடுத்துக்கொள்ள முடியாது என்று எனக்குச் சொல்லப்பட்டது. எந்தக் கட்சிக்காகப் பொய் சொல்ல மறுத்ததால் நான் விலக்கப்பட்டேனோ, அந்தக் கட்சியின் பெயரால் நீங்களும் என்னை விலக்கினீர்கள்.

நாற்பத்து மூன்று வாக்குகள் சிறியவை என்று உங்களில் ஒருவர் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். 2024-இல் நம் மாகாணச் சட்டமன்றத்தின் எண்பது இடங்களில் நாற்பத்தொன்றை நான்கு கட்சிகள் சேர்ந்து வைத்திருந்ததால்தான் அவை ஆட்சி அமைத்தன. அந்த நாற்பத்தொன்றாவது இடம், ஒரே ஓர் இடம் வென்ற ஒரு சிறிய கட்சியுடையது. எங்கள் சாவடியின் சீட்டுகள் அந்தக் கணக்கை மாற்றியிருக்கும் என்று நான் சொல்லவில்லை, மாற்றியிருக்காது. ஆனால் இத்தனை நெருக்கமான கணக்கில் ஒவ்வொரு சாவடியின் தவறும் எழுதப்பட வேண்டும், எழுதப்பட்டால்தான் மொத்தம் எவ்வளவு என்று எவருக்கும் தெரியும். வரப்போவது நகராட்சித் தேர்தல். 2021 நிலவரப்படி டர்பனை உள்ளடக்கிய எத்தேக்வினி மாநகர மன்றத்தின் 222 இடங்களில் சரிபாதி, தனித்தனி வட்டங்களில் நேரடியாக வென்றவர்களுடையவை. ஒரு வட்டத்தில் இருப்பவை சில வாக்குச்சாவடிகளே. அங்கே நாற்பத்து மூன்று என்பது ஒருவரை மன்றத்துக்கு அனுப்பும், இன்னொருவரை வீட்டுக்கு அனுப்பும்.

மேலும் நகராட்சித் தேர்தலில் ஆட்சேபணை தெரிவிக்கும் காலம் இன்னும் குறைவு. பொதுத் தேர்தலில் வாக்குப்பதிவுக்குப் பின் இரண்டாம் நாள் இரவு ஒன்பது மணி வரை இருக்கும் அவகாசம், நகராட்சித் தேர்தலில் அதே இரண்டாம் நாள் மாலை ஐந்து மணியோடு முடிந்துவிடும். அதற்குள் சான்று கையில் இல்லாதவர் ஆட்சேபணை செய்ய முடியாது, கூச்சல்தான் போட முடியும். 2024-இல் தேர்தல் ஆணையத்துக்கு வந்த ஆட்சேபணைகள் 579. அவற்றில் மறு எண்ணிக்கைக்கு உத்தரவிடப்பட்டவை 24. ஆட்சேபணை செய்தவர்கள் எல்லோரும் பொய்யர்கள் என்று இதற்குப் பொருள் கொள்ள நான் தயாராக இல்லை. எங்கள் கிளையில் நடந்ததைப் பார்த்தவள் என்ற முறையில், உண்மையான ஒரு குறை, சாட்சியில்லாததாலோ மிகைப்படுத்தப்பட்டதாலோ எவ்வளவு எளிதாகத் தள்ளுபடிக்குரிய மனுவாகிவிடுகிறது என்பதை அறிவேன்.

சான்றோடு போனால் என்ன ஆகும் என்பதற்கு த்லோக்வே வழக்கு நம் கண்முன் இருக்கிறது. வடமேற்கு மாகாணத்தின் அந்த நகராட்சியில் 2013-இல் நடந்த இடைத்தேர்தல்களில் தோற்ற சுயேச்சை வேட்பாளர்கள், அந்த வட்டங்களில் குடியிராதவர்கள் அங்கே வாக்காளர்களாகப் பதிவு செய்யப்பட்டிருப்பதையும், பட்டியலில் முகவரிகள் இல்லாததையும் காட்டி வழக்காடினார்கள். 2015 நவம்பர் 30 அன்று அரசியலமைப்பு நீதிமன்றம் அந்தத் தேர்தல்கள் சுதந்திரமாகவும் நியாயமாகவும் நடக்கவில்லை என்று தீர்ப்பளித்து அவற்றை ரத்துசெய்தது. வாக்காளர் பட்டியலில் முகவரி இருக்க வேண்டும் என்பது அதன் பிறகு நாடு முழுவதும் பேசப்பட்டதற்குக் காரணம் அந்த ஊரின் வழக்கு. அங்கே கையில் தாள் இருந்தது. அதனால் நீதிமன்றம் கேட்டது.

உங்கள் சுற்றறிக்கை இரண்டு காரணங்களைச் சொல்கிறது. ஒன்று பாதுகாப்பு. 2021 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு நம் பகுதிகளில் இரவு என்றாலே எல்லோருக்கும் ஓர் அச்சம் இருப்பதை நான் மறுக்கவில்லை, எனக்கும் இருக்கிறது. ஆனால் எண்ணிக்கை நடக்கும் மண்டபத்தில் காவலர் இருக்கிறார்கள், கதவு அடைக்கப்பட்டிருக்கிறது. ஆபத்து இருப்பது போகும் வழியிலும் வரும் வழியிலும்தான். அதற்கு வழி இருக்கிறது. ஒவ்வொரு யூனிட்டிலும் இரவுக் காவல் சுற்றும் குழுவினர் இருக்கிறார்கள்; கூப்பிட்டால் வருவார்கள். நான் மூன்று குழுக்களிடம் பேசினேன், மூன்றும் ஒப்புக்கொண்டன. இன்னொன்று, தொண்டர்களின் களைப்பு. காலை ஆறரைக்கு வருபவரையே நள்ளிரவு தாண்டியும் உட்கார வைக்க முடியாது என்பது சரி. அப்படியானால் ஆட்களைப் பிரியுங்கள். பகலில் இரண்டு பேர் வேண்டியதில்லை. பகலில் தெருவே பார்த்துக்கொண்டிருக்கிறது, வரிசையில் நிற்கும் நூறு பேரும் சாட்சிகள். இரவு ஒரு மணிக்கு அந்த மண்டபத்தில் இருப்பவர்கள் அலுவலர்களும் கட்சி முகவர்களும் மட்டுமே. முகவர் இல்லாவிட்டாலும் எண்ணிக்கை செல்லும் என்பதுதான் சட்டம். சிறிய கட்சிகளாலும் சுயேச்சைகளாலும் எல்லாச் சாவடிகளுக்கும் ஆள் அனுப்ப முடிவதில்லை. கட்சி சாராத ஒரு சாட்சி எந்த மணியில் அதிகம் தேவைப்படுகிறாரோ, அந்த மணியில் அவரை வீட்டுக்கு அனுப்புகிறீர்கள்.

முன்னாள் முகவர்களைப் பற்றிய முடிவுக்கு வருகிறேன். தேர்தல் ஆணையம் அங்கீகரிக்கும் பார்வையாளர் நடுநிலையோடும், அந்தத் தேர்தலில் போட்டியிடும் கட்சிகளிடமிருந்தும் வேட்பாளர்களிடமிருந்தும் விலகியும் செயல்பட வேண்டும் என்று சட்டம் கேட்கிறது. என்றோ ஒரு நாள் ஒரு கட்சிக்காக உட்கார்ந்தவர் வாழ்நாள் முழுவதும் தகுதியற்றவர் என்று அது சொல்லவில்லை. இந்த மாகாணத்தில் 1896-இல் நட்டால் காலனி கொண்டுவந்த சட்டம் நம் முன்னோர் புதிதாக வாக்காளராகும் வழியை அடைத்தது. 1994 வரை, ஏறக்குறைய நூறு ஆண்டுகள், சமமான வாக்குக்காகப் போராடியவர்கள் எல்லோரும் ஏதோ ஓர் அமைப்பின், ஏதோ ஒரு கட்சியின் உறுப்பினர்களாகவே இருந்தார்கள். அரசியலில் ஈடுபட்டதால்தான் எங்களுக்கு முடிவுத் தாளைப் படிக்கத் தெரியும், முத்திரையைத் தேடத் தெரியும், பெட்டிக்குள் போன சீட்டுகளையும் வெளியே வந்த சீட்டுகளையும் கூட்டிக் கழிக்கத் தெரியும். உங்கள் இளைஞர்கள் ஆர்வமுள்ளவர்கள், நல்லவர்கள். ஆனால் சென்ற முறை அவர்களுக்குக் கொடுக்கப்பட்ட படிவத்தில் முத்திரை பற்றி ஒரு கேள்வியும் இல்லை என்பதை அவர்களே என்னிடம் காட்டினார்கள். கேட்கப்படாததை அவர்கள் எப்படிப் பார்ப்பார்கள்?

ஆகவே நான் கேட்பவை இவை. ஒன்பது மணிக்குப் பார்வையாளர்களைத் திரும்பப் பெறும் முடிவை ரத்துசெய்யுங்கள். பகலுக்கு ஒருவர், இரவுக்கு இருவர் என்று பணியைப் பிரித்து, முடிவுத் தாள் கதவில் ஒட்டப்படும் வரை இரவுப் பணியில் இருப்பவர் மண்டபத்தை விட்டு வெளியேறக் கூடாது என்று எழுத்தில் விதியுங்கள். அவர் முடிவுத் தாளைப் படம் எடுத்து, நிராகரிக்கப்பட்ட சீட்டுகளின் எண்ணிக்கையையும் அதற்கான காரணத்தையும் தன் கையால் எழுதி, மறுநாள் நண்பகலுக்குள் உங்களிடம் சேர்க்க வேண்டும். நீங்கள் அவற்றை எந்தக் கட்சி கேட்டாலும், எந்தக் குடிமகன் கேட்டாலும் காட்ட வேண்டும். மாலை ஐந்து மணிக் காலக்கெடுவுக்கு முன் அவை வெளியே இருந்தால், கிளை நிர்வாகிகள் நாற்பத்து மூன்றை நானூறாக்க முடியாது.

2024 அறிக்கையைத் திருத்துங்கள். எந்தெந்தச் சாவடிகளில் எண்ணிக்கை முடியும் வரை உங்கள் ஆட்கள் இருந்தார்கள், எவற்றில் இல்லை என்பதை மட்டும் சொன்னால் போதும். அதற்காக எவரையும் நான் குற்றம் சாட்டப் போவதில்லை. அந்தத் திருத்தத்துடன், எங்கள் சாவடியில் எழுதப்பட்ட ஆட்சேபணைத் தாளின் படியையும் சேர்த்து வையுங்கள். நாற்பத்து மூன்று பேருக்கும் வாக்கு திரும்பக் கிடைக்காது. நடந்தது என்ன என்பதாவது ஓர் இடத்தில் பதிவாகி இருக்கட்டும்.

முன்னாள் முகவர்கள் மீதான தடையை நீக்கி, இந்தத் தேர்தலில் போட்டியிடும் எந்தக் கட்சியிலும் உறுப்பினராக இல்லை, எவருக்காகவும் பிரசாரம் செய்யவில்லை, செய்யவும் மாட்டேன் என்ற உறுதிமொழியை ஒவ்வொருவரிடமும் எழுதி வாங்குங்கள். அதை மீறுபவரை நீக்குங்கள். பயிற்சி வகுப்பில் முத்திரைச் சோதனையையும் சீட்டுக் கணக்கைச் சரிபார்ப்பதையும் ஒரு முழுப் பொழுது கற்றுக்கொடுங்கள். கற்றுக்கொடுக்க நான் வருகிறேன், ஊதியம் வேண்டாம்.

பயிற்சி வகுப்புகளுக்கான நாளைக் குறிப்பதற்கு முன் உங்கள் பதிலை எழுத்தில் எதிர்பார்க்கிறேன். இரவுப் பணிக்கு வரச் சம்மதித்துக் கையெழுத்திட்ட பதினாறு பேரின் பட்டியலையும், அவர்களை வீட்டிலிருந்து அழைத்துவந்து திரும்பக் கொண்டுவிட ஒப்புக்கொண்ட மூன்று இரவுக் காவல் குழுக்களின் கடிதங்களையும் இத்துடன் இணைத்திருக்கிறேன். அந்தப் பதினாறு பேரில் எவரும் எந்தக் கட்சிக்கும் முகவராக உட்கார்ந்தவர் அல்லர். என் பெயர் அந்தப் பட்டியலில் இல்லை.

இப்படிக்கு,
முன்னாள் கட்சி முகவர் ஒருவர்,
சாட்ஸ்வர்த், டர்பன்